இல்லாத ஊருக்கு ஒரு புயல்: கற்பனை உலகத்துக்கான புயல் இசையை அமைக்க முழு வழிகாட்டி

கற்பனை உலகத்துக்குப் புயல் இசை எழுத உட்காருகிறவர்கள் முதலில் தேடுவது இடிச் சத்தம். அப்புறம் மழை, அப்புறம் பெரிய முரசு. நானும் என் முதல் புயலை அப்படித்தான் எழுதினேன்: மூன்று நிமிடம், விடாத முரசு. கேட்ட நண்பர், "இது போர்க்களமா?" என்றார். அவர் கேட்டது நியாயம். அதில் புயலுக்கே உரியது எதுவும் இல்லை, அந்த உலகத்துக்கே உரியதும் எதுவும் இல்லை.

அதன் பிறகு எழுதிய ஒவ்வொரு புயலிலும் ஒரே கேள்வியில் இருந்துதான் தொடங்குகிறேன்: இந்தப் புயலின் அடியில் நிற்பவர் யார், அவர் காதில் என்ன விழுகிறது? இதற்குப் பதில் கிடைத்துவிட்டால் ஸ்வரம், தாளம், வாத்தியம், அமைப்பு எல்லாம் அதிலிருந்தே வந்துவிடும். ஒரு உலகத்தை எடுத்துக்கொண்டு தொடக்கம் முதல் கடைசி வரை செய்து காட்டுகிறேன். ஆறு நிமிடப் படைப்பு. உங்கள் உலகம் வேறாக இருக்கும், ஆனால் வேலை செய்யும் விதம் இதேதான்.

படி 1: புயலுக்கு முன் ஊரைக் கட்டுங்கள்

பழந்தமிழ் இலக்கணம் இதில் நமக்கு நல்ல துணை. தொல்காப்பியம் ஒவ்வொரு நிலத்துக்கும் உரிய கருப்பொருள்களைச் சொல்லும்போது தெய்வம், உணவு, மரம், பறவையோடு பறையையும் யாழையும் சேர்த்தே சொல்கிறது. பிற்கால இலக்கணத்தில் முல்லைக்கு ஏறுகோட்பறை, நெய்தலுக்கு மீன்கோட்பறை என்று பறையே நிலத்துக்கு நிலம் மாறும். அதாவது இசை என்பது அந்த மண்ணில் விளையும் பொருள்களில் ஒன்று. கற்பனை உலகம் படைப்பவருக்கு இதைவிட நல்ல தொடக்கம் எனக்குத் தெரியவில்லை.

என் ஊரின் பெயர் கயிற்றூர். இரண்டு செங்குத்தான மலைகளுக்கு நடுவே, பள்ளத்தாக்கின் மேல், கயிறுகளில் தொங்கும் ஊர். வீடு, தெரு, சந்தை எல்லாம் கயிற்றின் மேல்தான். காற்று அடித்தால் கயிறுகள் ரீங்கரிக்கும். அந்த ஒலியை வைத்தே அங்குள்ளவர்கள் காற்றின் வேகத்தைச் சொல்லிவிடுவார்கள். கயிறுகளுக்குப் பெயர் உண்டு: மிகத் தடித்தது பாட்டி, அடுத்தது மாமன், மெல்லியது குருவி.

உங்கள் ஊருக்கு நீங்கள் தீர்மானிக்க வேண்டியவை நான்கு: புயல் எந்தத் திசையிலிருந்து வருகிறது, எதைத் தொட்டு ஒலி எழுப்புகிறது, எதை எடுத்துப்போகிறது, அது வரும்போது மக்கள் என்ன வேலை செய்கிறார்கள். கடைசிக் கேள்வியை விட்டுவிடாதீர்கள். பயந்து ஒளிந்திருக்கும் மக்களுக்கு இசை எழுதுவது கடினம். ஏதாவது செய்துகொண்டிருக்கும் கைகளுக்கு எழுதுவது எளிது, ஏனென்றால் வேலைக்கு ஏற்கெனவே ஒரு தாளம் இருக்கிறது.

படி 2: உண்மையான புயலைக் காது கொடுத்துக் கேளுங்கள்

கற்பனை உலகம் என்றாலும் காற்று காற்றுதான். இயற்பியலில் இசைக்கு உதவும் செய்திகள் கொட்டிக்கிடக்கின்றன. எனக்கு மிகவும் பயன்பட்டது கம்பியின் ரீங்காரம்.

ஒருமுறை பலத்த காற்றில் மொட்டை மாடியில் நின்றிருந்தேன். துணி காயப்போடும் கம்பி "ம்ம்ம்" என்று முனகிக்கொண்டிருந்தது. காற்று வலுக்க வலுக்க அந்த முனகல் மேலே ஏறியது, தணிந்ததும் இறங்கியது. கம்பியை யாரும் முறுக்கவில்லை, அதன் நீளமும் மாறவில்லை. கம்பியைத் தாண்டும் காற்று அதன் பின்னால் இந்தப் பக்கம் ஒன்றும் அந்தப் பக்கம் ஒன்றுமாகச் சிறு சுழல்களை உதிர்க்கிறது. விநாடிக்கு எத்தனை ஜோடிச் சுழல் உதிர்கிறதோ அதுதான் நம் காதில் விழும் சுருதி. அது காற்றின் வேகத்தோடு ஏறும், கம்பி தடித்தால் இறங்கும். தோராயக் கணக்கு இது: காற்றின் வேகத்தைத் தடிமனால் வகுத்து, 0.2-ஆல் பெருக்க வேண்டும். 6 சென்டிமீட்டர் தடித்த கயிற்றில் விநாடிக்கு 20 மீட்டர் வேகத்தில் காற்று அடித்தால் ஏறக்குறைய 67 ஹெர்ட்ஸ். கீபோர்டில் இடது பக்கம் ஆழத்தில் இருக்கும் ஒரு சி-க்கு மிக அருகில்.

இந்தக் கணக்கில் இரண்டு புதையல்கள் உண்டு. ஒன்று, காற்றின் வேகம் இரட்டித்தால் சுருதி சரியாக ஒரு ஸ்தாயி, அதாவது ஒரு ச-விலிருந்து அடுத்த மேல் ச வரை, ஏறுகிறது. அதாவது புயல் வலுத்து முடிக்கும்போது கயிறு மறுபடியும் அதே ஷட்ஜத்தில் (ச), மேல் ஸ்தாயியில் வந்து நிற்கும். இரண்டு, கயிறுகளின் தடிமன்தான் ஸ்வரங்களின் இடைவெளி. பாட்டி 6 சென்டிமீட்டர், மாமன் 4.5 என்றால் விகிதம் 4:3. அது ஷட்ஜத்துக்கும் சுத்த மத்யமத்துக்கும் (ம) உள்ள உறவேதான். காற்று எந்த வேகத்தில் அடித்தாலும் அந்த உறவு மாறாது. ஊரே ஒரு தம்புரா ஆகிவிட்டது.

இடியைப் பற்றி ஒரு கணக்கு போதும். மின்னல் ஒளி உடனே வந்துவிடும், ஒலி ஒரு கிலோமீட்டர் கடக்க ஏறக்குறைய 3 விநாடி எடுக்கும். அருகில் விழும் இடி "டமார்" என்று வெடிக்கும். தூரத்து இடி உறுமும், ஏனென்றால் கூர்மையான ஒலிகளைக் காற்று வழியிலேயே தின்றுவிடுகிறது. அதோடு நீண்ட மின்னல் பாதையின் ஒவ்வொரு துண்டிலிருந்தும் ஒலி வெவ்வேறு நேரத்தில் வந்து சேர்கிறது.

படி 3: அமைப்பைப் புயலிடமிருந்தே வாங்குங்கள்

பலர் சறுக்குவது இங்கேதான். மெல்லத் தொடங்கி, ஏறி, கடைசியில் உச்சம் என்று எழுதுவார்கள். சூறாவளி அப்படி நடப்பதில்லை. அதன் நடுவில் ஒரு கண் உண்டு, பெரும்பாலும் 30 முதல் 65 கிலோமீட்டர் அகலம். கண்ணைச் சுற்றியுள்ள சுவரில்தான் காற்று மிகக் கொடூரம். கண் நேராக ஒரு ஊரைக் கடந்தால் அந்த ஊர் காண்பது இது: காற்று ஏறிக்கொண்டே போகும், உச்சத்தில் சட்டென்று நின்றுவிடும், சிறிது நேரம் அமைதி, அப்புறம் எதிர்த் திசையிலிருந்து முழு பலத்தோடு மறுபடியும் அடிக்கும், பிறகு மெல்லத் தணியும்.

இதைவிட நல்ல இசை வடிவத்தை உட்கார்ந்து யோசித்துக் கண்டுபிடிக்க முடியாது. ஏற்றம், அறுபடுதல், மௌனம், திடீர்த் தாக்குதல், இறக்கம். என் ஆறு நிமிடத்தை இப்படிப் பிரித்தேன்: முதல் 70 விநாடி காற்று கூடுவது. 2:40 வரை முதல் சுவர். அங்கிருந்து ஒரு நிமிடம் கண். 5:00 வரை இரண்டாம் சுவரும் அதன் தணிவும். கடைசி நிமிடம் மறுநாள் காலை.

கண்ணில் கயிற்றூர் மக்கள் என்ன செய்வார்கள்? ஓய்வெடுக்க மாட்டார்கள். காற்று மறுபக்கத்திலிருந்து வரப்போகிறது, இதுவரை கட்டியிருந்த முட்டுக் கயிறுகளை அவிழ்த்து எதிர்ப்பக்கம் கட்டியாக வேண்டும். இருப்பது கொஞ்ச நேரம். அதனால் என் படைப்பின் மிக அமைதியான பகுதிதான் மிக வேகமான பகுதியும். இதைக் கண்டுகொண்ட நாளில்தான் இந்த இசை எனக்குக் கிடைத்தது என்று சொல்வேன்.

படி 4: ஸ்வரங்கள்

இங்கே ஒரு எச்சரிக்கை. நம் செவிகள் ராகத்தில் ஊறியவை. நான் முதலில் ச, சாதாரண காந்தாரம், சுத்த மத்யமம், சுத்த தைவதம், கைசிகி நிஷாதம் என்று ஐந்தை எடுத்தேன். பஞ்சமம் (ப) இல்லாத, ஆழமான ஒலி. வாசித்துப் பார்த்தால் ஹிந்தோளம்! கேட்பவருக்கு உடனே தெரிந்த பாட்டுகள் நினைவுக்கு வந்துவிடும், கயிற்றூர் கலைந்துவிடும். ராகத்தின் மேல் குறையில்லை, அது ஏற்கெனவே இன்னொரு வீட்டில் குடியிருக்கிறது, அவ்வளவுதான். மழை என்றதும் அமிர்தவர்ஷிணி பக்கம் கை போவதும் இதே வகை.

அதனால் காந்தாரத்தை எடுத்துவிட்டுச் சுத்த ரிஷபத்தை வைத்தேன். ச, ரி, ம, த, நி. கீபோர்டில் சி, டி ஃபிளாட், எஃப், ஏ ஃபிளாட், பி ஃபிளாட். ஷட்ஜத்தை ஒட்டியே உட்காரும் அந்த ரிஷபத்தில் ஒரு நெருக்கடி இருக்கிறது, சுவரோடு சாய்ந்து நிற்பதுபோல. ஒன்று மட்டும் கவனம்: இந்த ஐந்தையும் அடியில் தொடர்ந்து ஒலிக்கும் சுருதி இல்லாமல் வாசித்தால் காது நழுவி, ரிஷபத்தையோ நிஷாதத்தையோ ஷட்ஜமாக எடுத்துக்கொள்ளும். அப்போது இசை திடீரென்று இனிமையான மேஜராகவோ சோகமான மைனராகவோ கேட்கும். அடியில் பாட்டி விடாமல் ஒலித்தால்தான் இந்த ஸ்வரங்கள் நிற்கும்.

பஞ்சமம் இல்லாத ராகங்களுக்குத் தம்புராவில் பஞ்சமத்துக்குப் பதில் மத்யமம் வைப்பது வழக்கம். கயிற்றூரிலும் அதேதான்: பாட்டி ச, மாமன் ம. பஞ்சமத்தைக் கடைசி நிமிடம் வரை யாரும் தொடக்கூடாது. குரல் தொடக்கூடாது, வாத்தியம் தொடக்கூடாது, தவறிப்போய் ஒரு கார்டில் (சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரக் கொத்தில்) கூட வந்துவிடக்கூடாது. ஐந்து நிமிடம் மறைத்து வைத்த ஸ்வரம் வெளியே வரும்போது அதற்கு இருக்கும் பலம் வேறு எதற்கும் கிடையாது.

காற்று கூடும் முதல் 70 விநாடியில் கயிறுகளின் சுருதி மெல்ல வழுக்கி ஒரு ஸ்தாயி ஏற வேண்டும். அது ஏறிக்கொண்டிருக்கும்போது பாடலை உள்ளே விடாதீர்கள். சுருதியும் நகர்ந்து, மெட்டும் நகர்ந்தால் கேட்பவருக்குப் பிடிமானம் இல்லாமல் போகும். கயிறு மேல் ஷட்ஜத்தில் வந்து நிற்கட்டும், அப்புறம் மெட்டு தொடங்கட்டும்.

படி 5: தாளமும் மெட்டும், திசை திரும்பும்போது

முதல் சுவர் மிஸ்ர சாபு: தகிட தகதிமி, மூன்றும் நான்கும். கண் கடந்து காற்று திரும்பியதும் விலோம சாபு: தகதிமி தகிட, நான்கும் மூன்றும். எண்ணிக்கை அதே ஏழு. சாய்வு மட்டும் எதிர்ப்பக்கம். தாள அறிவே இல்லாதவர்கூட இரண்டாம் பாதியில் ஏதோ மறுபக்கமாகத் தள்ளுகிறது என்று உடம்பால் உணர்வார்.

மெட்டும் அப்படியே. முதல் பாதியில்:

ச ரி ம | த , ம ரி

காற்புள்ளி என்றால் முந்தைய ஸ்வரத்தை நீட்டுவது. இது ரிஷபத்தில் முடிகிறது, அதாவது முடியாமல் தொங்குகிறது. இரண்டாம் பாதியில் இதையே கடைசியிலிருந்து வாசியுங்கள்:

ரி ம த , | ம ரி ச

வீடு வந்து சேர்ந்துவிட்டது. ஒரு ஸ்வரம் கூடச் சேர்க்கவில்லை, புரட்டியதோடு சரி. உங்கள் மெட்டையும் எழுதியவுடன் பின்னோக்கிப் பாடிப் பாருங்கள். பின்னோக்கிப் பாடும்போது அசிங்கமாக இருந்தால் மெட்டை மாற்றுங்கள், புயலை மாற்றாதீர்கள்.

மழைக்குத் தாளம் கிடையாது, சீரான துளிகளாக எழுதினால் கடிகாரம்போல ஆகிவிடும். அடியில் ஒரு குழப்பம் வேண்டும் என்றால் ஒரே துடிப்பை ஒருவர் ஐந்தாகவும் ஒருவர் நான்காகவும் பிரிக்கட்டும். 1808-இல் அரங்கேறிய தம் ஆறாம் சிம்பொனியின் புயல் பகுதியில் பீத்தோவன் இதைத்தான் செய்தார்: செல்லோக்கள் ஐந்தைந்தாக ஓட, அடியில் டபுள்பேஸ்கள் நான்கு நான்காக ஓடும். தனித்தனி ஸ்வரம் எதுவும் காதில் விழாது, உறுமல் மட்டும் விழும். நம் பேச்சில் கண்ட நடையும் சதுஸ்ர நடையும் மோதுவது.

படி 6: வாத்தியமும் சிக்கனமும்

அதே சிம்பொனியில் டிம்பானி முரசு புயல் பகுதியில் மட்டும்தான் ஒலிக்கிறது. மற்ற நான்கு பகுதிகளில் அது வாயைத் திறப்பதே இல்லை. என் முதல் புயலில் நான் செய்த தவறு இதற்கு நேர் எதிரானது. இப்போது முதல் சுவரின் உச்சிக்கு முன்னால் முரசு மொத்தம் நான்கு முறைதான் ஒலிக்கிறது, அதுவும் இடியின் கணக்குப்படி.

நிமிடத்துக்கு 60 துடிப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள். மின்னலுக்கு ஒரு சின்ன வெண்கல மணி, மிக மெல்லிதாக. அதிலிருந்து 12 துடிப்பு எண்ணி, தூரத்து முரசு. நான்கு கிலோமீட்டர். அடுத்த மணிக்குப் பின் 9 துடிப்பு. அப்புறம் 6. அப்புறம் 3. இதற்குள் கேட்பவர் தன்னை அறியாமல் எண்ணத் தொடங்கியிருப்பார். ஐந்தாவது முறை மணியும் முரசும் ஒன்றாக விழும்போது புயல் தலைக்கு மேலே வந்துவிட்டது. ஒவ்வொரு அடியிலும் முரசின் கூர்மையான ஒலிகளைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திறந்துவிடுங்கள்: முதல் அடி வெறும் உறுமல், கடைசி அடி தோலில் குச்சி படும் சத்தத்தோடு.

கயிறுகளுக்கு டபுள்பேஸின் தடித்த தந்தியில் வில்லை மிக மெதுவாக இழுத்துப் பதிவு செய்யலாம். கையில் வாத்தியம் இல்லாவிட்டால் கணினியில் வெறும் இரைச்சல் ஒலியை எடுத்து, குறுகிய வடிகட்டி ஒன்றைப் போட்டு, அந்த வடிகட்டியை மேலும் கீழும் நகர்த்துங்கள். காற்று வந்துவிடும். நகர்த்துவதைக் கையாலேயே செய்யுங்கள். கணினியின் சீரான அலை காற்று மாதிரி இருக்காது, மூச்சுப் பயிற்சி மாதிரி இருக்கும்.

படி 7: குரல், அதாவது அந்த ஊரின் மொழி

பலத்த காற்றில் தூரத்திலிருந்து கூப்பிட்டால் மெய்யெழுத்துகள் வந்து சேராது. க, ச, த எல்லாம் வழியில் கரைந்துவிடும், உயிர் ஒலிகள் மட்டும் நீண்டு வரும். அதனால் முதல் சுவரில் குரல்கள் பாடுவதெல்லாம் உயிர்தான்: ஆ, ஓ, ஏ. அதைச் சொற்களாக எழுதிவிட்டு மெய்களை உரித்தெடுங்கள். வெறும் ஆலாபனையாக இல்லாமல், ஏதோ சொல்ல வருகிறார்கள், கேட்கவில்லை என்ற தவிப்பு வரும்.

கண் வந்ததும் காற்று நிற்கிறது. கயிறுகள் மௌனம். படைப்பு தொடங்கியதிலிருந்து முதல் முறையாகச் சுருதியே இல்லை. எதிரொலியையும் முழுதாக எடுத்துவிடுங்கள், காதுக்குப் பக்கத்தில் ஆட்கள் நிற்பதுபோல. முளை அடிக்கும் சத்தம், நான்கெண்ணிக்கையில், நிமிடத்துக்கு 100 துடிப்பு. இப்போது மெய்யெழுத்துகள் திரும்பி வருகின்றன, அதே வரிகள் இந்த முறை முழுச் சொற்களாகக் கேட்கின்றன: "இழு, இறுக்கு, முடி, அடுத்தது." கவிதையே வேண்டாம். பாடுகிறவர்கள் சுருதி இல்லாததால் கொஞ்சம் நழுவுவார்கள், நழுவட்டும், திருத்தாதீர்கள். கடைசி நான்கு விநாடியில் ஒருவர் வரியின் நடுவிலேயே பாட்டை நிறுத்த வேண்டும். அவருக்குக் கேட்டுவிட்டது.

படி 8: ஒலிக்கலவை

சுருக்கமாகச் சொல்கிறேன். புயலின் பலம் சத்தத்தில் இல்லை, வித்தியாசத்தில் இருக்கிறது. 10 டெசிபல் கூடினால் காதுக்கு ஏறக்குறைய இரண்டு மடங்கு சத்தமாகத் தெரியும். தொடக்கத்துக்கும் உச்சத்துக்கும் நடுவே குறைந்தது அவ்வளவாவது இருக்கட்டும். கடைசியில் எல்லாவற்றையும் ஒரே மட்டத்துக்கு நசுக்கும் லிமிட்டரைக் கூட்டி வைத்தால் இத்தனை படிகளும் வீண். இன்னொன்று, பாட்டியின் 67 ஹெர்ட்ஸ் போனின் சின்ன ஸ்பீக்கரில் கேட்காது. அதே கயிற்றின் இரண்டு ஸ்தாயி மேலான ஒலியை மெல்லிதாகச் சேர்த்து வையுங்கள், அங்கேயும் ஷட்ஜம் காதில் விழும்.

முடித்ததும், கதை எதுவும் சொல்லாமல் ஒருவருக்குப் போட்டுக் காட்டுங்கள். "நல்லா இருக்கா?" என்று கேட்காதீர்கள். "எங்கே நின்றுகொண்டிருந்தீர்கள்?" என்று கேளுங்கள். உயரத்தில், ஏதோ ஆடிக்கொண்டிருந்தது என்று சொன்னால் சரி. கடலில் என்று சொன்னால் காற்றொலியில் அலையின் ஏற்ற இறக்கம் சீராகிவிட்டது என்று பொருள், படி 6-க்குத் திரும்புங்கள்.

படி 9: மறுநாள் காலை

இரண்டாம் சுவரின் நடுவில், ஏறக்குறைய 4:20-இல், மாமன் அறுகிறது. ஒரே ஒரு வெடிப்பு. அதற்குப் பிறகு சுருதியில் மத்யமம் இல்லை, பாட்டியின் ஷட்ஜம் மட்டும் தனியாக நிற்கிறது. மெட்டும் மத்யமத்தை இழக்கிறது. அந்த இடங்களை வெற்றிடமாகவே விட்டுப் பாடுங்கள்: ரி, இடைவெளி, த, இடைவெளி, ரி, ச. காற்று இறங்க இறங்கச் சுருதி ஒரு ஸ்தாயி கீழே வழுக்கிப் பழைய இடத்துக்கு வருகிறது. ஆனால் சரியாக அதே இடத்துக்கு இல்லை. நனைந்த கயிறு பருக்கும், பருத்தால் ரீங்காரம் தாழும். அதனால் பாட்டி ஒரு இழை குறைவாகவே நிற்கட்டும், அரை ஸ்வரத்தில் கால் பங்கு போதும்.

கடைசி நிமிடத்தில் வெயில் ஏறுகிறது. கயிறு உலர உலரச் சுருதி அந்த ஒரு இழையை மெல்ல மீட்டுக்கொள்கிறது. கண்ணில் கேட்ட அதே முளைச் சத்தம் மறுபடியும் வருகிறது, இந்த முறை நிதானமாக. அறுந்த மாமன் இருந்த இடத்தில் புதுக் கயிறு கட்டுகிறார்கள். கையில் இருந்தது கொஞ்சம் மெல்லியது, 4 சென்டிமீட்டர். பாட்டியின் 6-க்கு அது 3:2. இளங்காற்று அடிக்கிறது. புதுக் கயிறு முதல் முறையாக முனகுகிறது, ஐந்து நிமிடம் யாரும் தொடாத பஞ்சமம். அதற்கு அந்த ஊர்க் குழந்தைகள் பேத்தி என்று பெயர் வைக்கிறார்கள். மெட்டை மறுபடி கொண்டுவர வேண்டாம். ச, ப இரண்டையும் இருபது விநாடி அப்படியே விட்டு, காற்றோடு சேர்த்து மெல்ல அணையுங்கள்.